'குளோரி ரோடு' படத்தை ஆட்டம் புரிந்து பார்ப்பது எப்படி

கல்லூரிக் கூடைப்பந்து அணியைப் பற்றி ஒரு நல்ல படம் சொல்லுங்கள் என்று யார் கேட்டாலும் நான் முதலில் சொல்வது 2006-ல் வந்த 'குளோரி ரோடு' தான். ஜேம்ஸ் கார்ட்னர் இயக்கம், ஜெர்ரி பிரக்ஹைமர் தயாரிப்பு, டிஸ்னி வெளியிட்டது. 1966-ல் டெக்சஸ் வெஸ்டர்ன் என்ற, அதிகம் பேர் கேள்விப்படாத ஒரு கல்லூரி அணி, அமெரிக்கக் கல்லூரிக் கூடைப்பந்தின் ஜாம்பவானான கென்டக்கியைத் தோற்கடித்து தேசிய சாம்பியன் ஆன உண்மைக் கதை. அந்த இறுதி ஆட்டத்தைத் தொடங்கிய ஐந்து பேரும் கறுப்பின வீரர்கள். எதிரே நின்ற அணியில் ஒரு கறுப்பின வீரர்கூடக் கிடையாது. 72-65 என்று ஆட்டம் முடிந்தது. முடிவு தெரிந்துவிட்டதே என்று வருத்தப்படாதீர்கள், இந்தப் படத்துக்கு அது ஒரு குறையே இல்லை.

இதை எப்படிப் பார்ப்பது என்று தனியாக எழுத ஒரு காரணம் இருக்கிறது. படம் பார்த்துவிட்டுக் கண் கலங்கி எழுந்து வருபவர்களிடம், "சரி, அவங்க எப்படி ஜெயிச்சாங்க?" என்று கேட்டுப் பாருங்கள். "தைரியமா ஆடினாங்க, மனசு வச்சு ஆடினாங்க" என்பார்கள். அது பொய்யில்லை. ஆனால் அந்த ராத்திரி டெக்சஸ் வெஸ்டர்ன் ஜெயித்தது நிதானமான, கட்டுக்கோப்பான, ஈவு இரக்கமில்லாத டிஃபென்ஸ், அதாவது தடுப்பாட்டம், ஆடியதால். படம் உணர்ச்சியைக் காட்டும் அளவுக்கு இதைக் காட்டவில்லை, சில இடங்களில் தலைகீழாகவே காட்டுகிறது. இறுதி ஆட்டத்தில் இறங்கிய ஏழு கறுப்பின வீரர்களுக்கும் உண்மையான மரியாதை அவர்கள் ஆடிய ஆட்டத்தைப் புரிந்துகொள்வதுதான் என்பது என் உறுதியான எண்ணம். கூடைப்பந்து தெரியாதவர்களுக்கும் அது முடியும், கொஞ்சம் தயாரிப்பு போதும்.

பார்ப்பதற்கு முன்

முதலில் ஆட்டத்தின் கணக்கு. ஒரு பக்கம் ஐந்து பேர், கூடை 10 அடி உயரத்தில். ஆட்டம் ஓடிக்கொண்டிருக்கும்போது விழும் ஒவ்வொரு கூடைக்கும் 2 புள்ளி. எதிரணி ஃபவுல் செய்தால் கிடைக்கும் ஃப்ரீ த்ரோவுக்கு, அதாவது யாரும் மறிக்காமல் கோட்டில் நின்று எறிவதற்கு, 1 புள்ளி. கல்லூரி ஆட்டம் 20 நிமிடம் வீதம் இரண்டு பாதி. இன்றைய ஆட்டங்களைப் பார்த்துப் பழகியவர்கள் இரண்டு விஷயங்களை மனதிலிருந்து எடுத்துவிட வேண்டும். மூன்று புள்ளிக் கோடு, அதாவது தூரத்திலிருந்து எறிந்து போட்டால் 3 புள்ளி தரும் கோடு, அன்று கிடையாது, கல்லூரி ஆட்டங்களுக்கு அது பொது விதியாக வந்தது 1986-87 பருவத்தில்தான். இத்தனை நொடிக்குள் பந்தை எறிந்தாக வேண்டும் என்று கெடு வைக்கும் ஷாட் கிளாக்கும் கிடையாது, அது அதற்கு முந்தின பருவத்தில் வந்தது. இந்த இரண்டும் இல்லாத ஆட்டம் எப்படி இருக்கும் என்று ஒரு நிமிடம் யோசியுங்கள். முன்னிலையில் இருக்கும் அணி அவசரமே படாமல் பந்தைக் கைமாற்றிக்கொண்டே நேரத்தைக் கடத்தலாம். பின்தங்கிய அணிக்கு மூன்று புள்ளி எறிந்து சட்டென்று எட்டிப் பிடிக்க வழியில்லை, பந்தைப் பறிக்கப் போக வேண்டும், பறிக்கப் போனால் ஃபவுல் ஆகும், ஃபவுல் ஆனால் எதிரணிக்கு ஃப்ரீ த்ரோ. அதனால் அன்றைய ஆட்டத்தில் ஆறேழு புள்ளி முன்னிலை என்பது இன்று தோன்றுவதைவிட மிகப் பெரிய விஷயம். இது ஒன்று புரிந்துவிட்டால் படத்தின் கடைசி இருபது நிமிடமும் வேறு மாதிரி தெரியும்.

அப்புறம் அன்றைய நிலைமை. அமெரிக்காவின் தெற்கு மாநிலங்களில் பல பெரிய பல்கலைக்கழகங்கள் அப்போது கறுப்பின வீரர்களை அணியில் சேர்ப்பதே இல்லை. கென்டக்கி ஆடிய தென்கிழக்கு கான்ஃபரன்சில், அதாவது தங்களுக்குள் ஆடும் கல்லூரிகளின் குழுவில், 1966 வரை ஒரு கறுப்பினக் கூடைப்பந்து வீரரும் களம் இறங்கியதில்லை. சேர்த்துக்கொண்ட கல்லூரிகளிலும் எழுதப்படாத ஒரு கணக்கு இருந்தது, ஒரே நேரத்தில் இத்தனை பேருக்கு மேல் களத்தில் வேண்டாம் என்று. அந்தக் கணக்குக்குப் பின்னால் ஒரு நம்பிக்கை: கறுப்பின வீரர்கள் வேகமாக ஓடுவார்கள், உயரமாகக் குதிப்பார்கள், ஆனால் ஆட்டத்தை யோசித்து நடத்த, நெருக்கடியில் நிதானம் காக்க, ஒரு வெள்ளையராவது கூட இருக்க வேண்டும் என்பது. கோச்சுகளும் பத்திரிகைகளும் இதைக் கூச்சமில்லாமல் சொன்ன காலம். இதை மனதில் வைத்துக்கொள்ளுங்கள், பின்னால் இதற்குத் திரும்ப வருகிறேன்.

இன்னொன்று, 1966 வெறும் வெற்றிடத்தில் நடக்கவில்லை. 1963-ல் சிகாகோவின் லயோலா அணி நான்கு கறுப்பின வீரர்களுடன் தொடங்கி தேசியக் கோப்பையை வென்றிருந்தது. டெக்சஸ் வெஸ்டர்னும் அந்தப் பருவம் முழுக்கப் பல ஆட்டங்களைக் கறுப்பின வீரர்கள் ஐவரைக் கொண்டே தொடங்கியிருந்தது. இறுதி ஆட்டத்தில் திடீரென்று எடுத்த முடிவு போலப் படம் காட்டுவதை அப்படியே நம்பிவிடாதீர்கள்.

இவ்வளவு போதும். இதற்கு மேல் படித்துவிட்டுப் படம் பார்த்தால் முதல் பார்வையின் சுகம் போய்விடும்.

முதல் முறை: சும்மா பாருங்கள்

கிட்டத்தட்ட இரண்டு மணி நேரப் படம். நிறுத்தாமல், ஃபோனைத் தள்ளி வைத்துவிட்டு ஒரே மூச்சில் பாருங்கள். எது உண்மை, எது கற்பனை என்று தேடப் போகாதீர்கள். கோச் டான் ஹாஸ்கின்சாக ஜாஷ் லூகாஸ், பாபி ஜோ ஹில்லாக டெரெக் லூக், கென்டக்கியின் கோச் அடால்ஃப் ரப்பாக ஜான் வாய்ட். மூவருமே நன்றாகச் செய்திருக்கிறார்கள், அதிலும் டெரெக் லூக்கின் முகத்தில் ஒரு குறும்பும் ஒரு பிடிவாதமும் மாறி மாறி வரும், அதை ரசியுங்கள்.

பெயர்கள் குழப்பும், அதற்கு ஒரே வழி முதல் அரை மணி நேரத்தில் நான்கு முகங்களைப் பிடித்துக்கொள்வது. பந்தை எடுத்து வருபவர் ஹில். கூடைக்கு அடியில் நிற்கும் பலசாலி டேவிட் லாட்டின். எல்லோரையும்விடக் குட்டையானவர் வில்லி வோர்ஸ்லி. இதய நோயோடு ஆடுபவர் வில்லி கேகர், இது கதைக்காகச் சேர்த்ததில்லை, உண்மையிலேயே கேகருக்கு இதயக் கோளாறு இருந்தது. இந்த நால்வரும் மனதில் நின்றுவிட்டால் மற்ற மூவர், ஹாரி ஃப்ளர்னாய், ஆர்ஸ்டன் ஆர்டிஸ், நெவில் ஷெட், தானாகப் பிடிபடுவார்கள்.

கோச் குடும்பத்தோடு மாணவர் விடுதியில் குடியிருப்பதைப் படத்தில் பார்ப்பீர்கள். அதுவும் நிஜம்தான். வசதியில்லாத கல்லூரி, சம்பளத்தோடு வந்த வேலைகளில் விடுதியைக் கவனித்துக்கொள்வதும் ஒன்று. ஒரு வீரரின் அம்மா வகுப்பறைக்கே வந்து உட்காரும் காட்சி வரும்போது சிரித்துவிட்டுப் போங்கள், அந்தக் காட்சிக்கு அது போதும்.

இரண்டாம் முறை: ஆட்டத்தை மட்டும்

இதுதான் முக்கியமான பகுதி, இங்கே கொஞ்சம் பொறுமை வேண்டும். ஒரு வாரம் கழித்துப் படத்தைத் திரும்பப் போடுங்கள், ஆனால் பயிற்சிக் காட்சிகளும் ஆட்டக் காட்சிகளும் மட்டும். நடுவில் வருவதை ஓட்டிவிடலாம்.

பயிற்சியில் ஹாஸ்கின்ஸ் எதற்காகக் கத்துகிறார் என்று கவனியுங்கள். படத்தில் அது கண்டிப்பான கோச் என்பதைக் காட்டும் காட்சியாகக் கடந்து போகும், ஆனால் அதற்குப் பின்னால் ஒரு மரபு இருக்கிறது. ஹாஸ்கின்ஸ் கல்லூரியில் ஆடியது ஓக்லஹோமா ஏ அண்ட் எம் அணியில், ஹென்றி ஐபா என்ற கோச்சிடம். ஐபாவின் பள்ளி என்றால் ஒரே பாடம்தான்: ஒருவனை ஒருவன் நிழல் போலத் தொடரும் டிஃபென்ஸ், அவசரப்படாத அட்டாக், நல்ல வாய்ப்பு வரும்வரை பாஸ், பாஸ், இன்னொரு பாஸ். ஹாஸ்கின்ஸ் அதை அப்படியே டெக்சஸ் வெஸ்டர்னுக்குக் கொண்டுவந்தார். எனவே பயிற்சிக் காட்சிகளில் பந்தை விடுங்கள், கால்களைப் பாருங்கள். முழங்கால் மடங்கியிருக்கிறதா, கால்கள் ஒன்றையொன்று குறுக்கே தாண்டாமல் பக்கவாட்டில் நகர்கின்றனவா, ஒரு கை கீழே ஒரு கை மேலே இருக்கிறதா. நல்ல டிஃபென்ஸ் ஆடுபவர் பந்தை வெறித்துப் பார்க்க மாட்டார், எதிராளியின் இடுப்பைப் பார்ப்பார், ஏனென்றால் தலையும் தோளும் ஏமாற்றும், இடுப்பு போகிற பக்கம்தான் ஆள் போவார்.

ஆட்டக் காட்சிகளில் கேமரா எப்போதும் பந்தின் பின்னாலேயே ஓடும், வெட்டும் வேகம் அதிகம், பின்னணி இசை வேறு எங்கே உணர்ச்சிவசப்பட வேண்டும் என்று சொல்லிக்கொண்டே இருக்கும். அதனால் இறுதி ஆட்டத்தை ஒரு தடவை ஒலியை முழுக்க நிறுத்திவிட்டுப் பாருங்கள். வித்தியாசம் உடனே தெரியும். அப்போது ஒரே ஒரு வீரரைப் பிடித்துக்கொள்ளுங்கள், அவர் கையில் பந்து இல்லாத நேரத்தில் என்ன செய்கிறார் என்று பாருங்கள். யாரைப் பிடிப்பது என்று கேட்டால் ஹில்.

ஏன் ஹில் என்று சொல்கிறேன். 1966 மார்ச் 19, மேரிலாந்தில் காலேஜ் பார்க் என்ற ஊரில் கோல் ஃபீல்ட் ஹவுஸ் அரங்கம். முதல் பாதி நடந்துகொண்டிருக்கிறது. கென்டக்கியின் கார்டு (பந்தை முன்னே கொண்டுவரும் ஆட்டக்காரர்) பந்தைத் தட்டிக்கொண்டு நடுக்கோட்டை நோக்கி வருகிறார். தரையில் பட்டு எழும் பந்து திரும்பக் கைக்குப் போய்ச் சேர அரை நொடிகூட ஆகாது, அந்த இடைவெளியில் பந்து யாருக்கும் சொந்தமில்லை. ஹில் அந்த இடைவெளியில் கையை விட்டுப் பந்தை எடுத்துக்கொண்டு போய்த் தனியாகக் கூடையில் போட்டுவிட்டார். கென்டக்கி பந்தை உள்ளே எடுத்தது. இந்த முறை வேறொரு கார்டு. மறுபடி அதே இடைவெளி, அதே கை, கூடைக்கு அருகே போய்ப் போடும் அதே லேஅப். சில நொடிகளில் 4 புள்ளி, அதுவும் நாட்டிலேயே மிக நல்ல கார்டுகள் என்று பெயர் வாங்கிய இருவரிடமிருந்து. அதற்குப் பிறகு கென்டக்கி பந்தை மேலே கொண்டுவருவதற்கே யோசிக்க வேண்டியிருந்தது. படத்தில் இதைப் பார்க்கும்போது நிறுத்தி, பின்னால் ஓட்டி, மெதுவாகப் பாருங்கள். குதிப்பதும் பறப்பதும் இதில் எதுவும் இல்லை, எதிராளியின் டிரிபிளின், அதாவது பந்தைத் தரையில் தட்டுவதன், தாளத்தை முன்கூட்டியே படித்து வைத்திருந்த ஒருவரின் மூளை வேலை இது. ஹில் அன்று 20 புள்ளி எடுத்தார், இரு அணியிலும் அதுதான் அதிகம்.

அடுத்தது லாட்டினின் டங்க். ஆட்டம் தொடங்கிய சிறிது நேரத்திலேயே பேட் ரைலியின் தலைக்கு மேலே பந்தைக் கூடைக்குள் அறைந்தார். ஆமாம், பின்னாளில் லேக்கர்ஸ் என்ற தொழில்முறை அணியின் கோச்சாகப் புகழ்பெற்ற அதே பேட் ரைலிதான், அன்று கென்டக்கி வீரர். முதல் வாய்ப்பிலேயே டங்க் செய் என்று ஹாஸ்கின்ஸ் முன்கூட்டியே சொல்லியிருந்தார். எனவே அதையும் வெறும் ஆவேசமாகப் பார்க்காதீர்கள், திட்டமிட்டு அனுப்பிய செய்தி அது: கூடைக்கு அடியில் உங்களுக்கு இடமில்லை. (மறு வருடம், 1967-ல், கல்லூரிக் கூடைப்பந்தில் டங்கையே தடை செய்தார்கள், 1976 வரை அந்தத் தடை இருந்தது.)

படத்தில் எளிதில் தவறவிடக்கூடிய ஒன்று, எனக்கு மிகப் பிடித்ததும்கூட: உண்மையான இறுதி ஆட்டத்தில் ஹாஸ்கின்ஸ் உயரத்தைக் குறைத்தார். 6 அடி 8 அங்குல ஷெட்டைத் தொடக்கத்தில் உட்கார வைத்துவிட்டு, 5 அடி 6 அங்குல வோர்ஸ்லியை இறக்கினார். ஹில், ஆர்டிஸ், வோர்ஸ்லி என்று மூன்று கார்டுகள். கென்டக்கி உயரமில்லாத, வேகமான அணி, தொடக்க ஐவரில் ஒருவர்கூட 6 அடி 5 அங்குலத்தைத் தாண்டவில்லை, அவர்களுக்கு ஓடி ஆடுவதுதான் பிடிக்கும். பெரிய ஆளை வைத்து அவர்களைத் துரத்துவதைவிட, ஓட ஆரம்பிக்கும் இடத்திலேயே மூன்று பேரை வைத்து வாசலை அடைத்துவிடலாம் என்பது கணக்கு. கணக்கு பலித்தது. முந்தின நாள் அரையிறுதியில் டியூக்குக்கு எதிராக 83 புள்ளி எடுத்த கென்டக்கி, மறுநாள் 65-ல் நின்றுவிட்டது.

ஒரு தாளும் பேனாவும்

இரண்டாம் பார்வை முடிந்ததும் பத்து நிமிடம் செலவழித்து இதைச் செய்யுங்கள். ஒரு தாளில் அணிக்கு ஒன்றாக இரண்டு பத்தி போட்டு, கூடைகளை ஒரு வரியிலும் ஃப்ரீ த்ரோக்களை ஒரு வரியிலும் எழுதுங்கள். கென்டக்கி போட்ட கூடைகள் 27, டெக்சஸ் வெஸ்டர்ன் போட்டவை 22. நன்றாகப் பாருங்கள், தோற்ற அணிதான் ஐந்து கூடை அதிகமாகப் போட்டிருக்கிறது. இப்போது இரண்டாவது வரி: டெக்சஸ் வெஸ்டர்ன் 34 ஃப்ரீ த்ரோவில் 28-ஐப் போட்டது, கென்டக்கிக்குக் கிடைத்ததே 13, அதில் 11. பெருக்கிக் கூட்டுங்கள், 72-65 வந்துவிடும்.

அந்தத் தாளை வைத்துக்கொண்டு யோசித்தால் முழு ஆட்டமும் தெரியும். தோற்கிற அணி பந்தைப் பறிக்க ஃபவுல் செய்தது, ஜெயிக்கிற அணி கோட்டில் போய் நின்றது. ஃப்ரீ த்ரோ கோட்டில் நிற்பவருக்கு உதவ யாரும் இல்லை. அரங்கத்தில் பெரும்பாலும் வெள்ளையர்கள், நடுவர்கள் வெள்ளையர்கள், இரண்டாம் பாதியில் ஒரு கட்டத்தில் வித்தியாசம் ஒரே புள்ளி வரைக்கும் சுருங்கியது. அந்த நேரத்தில் கறுப்பின வீரர்களுக்கு நிதானம் வராது என்று ஊரே சொல்லிக்கொண்டிருக்க, கோட்டில் நின்று ஒவ்வொன்றாக 28 முறை பந்தைக் கூடைக்குள் போட்டார்கள். படத்தில் இடைவேளையில் கோச் பேசும் பேச்சைவிட எனக்கு இந்த 28 பெரிதாகத் தெரிகிறது. ஃப்ரீ த்ரோ பார்க்க அழகாக இருக்காது, அதனால் எந்தப் படமும் அதைக் காட்டாது, அதனால்தான் தாளில் எழுதச் சொல்கிறேன்.

படம் மாற்றியவை

இப்போது உண்மையோடு ஒப்பிடலாம். எல்லா மாற்றத்தையும் ஒரே தட்டில் வைக்காதீர்கள், சில மாற்றங்கள் கதை சொல்ல வேண்டியவை, சில மாற்றங்கள் அர்த்தத்தையே மாற்றுபவை.

ஹாஸ்கின்ஸ் வந்த முதல் வருடமே கோப்பை வென்றது போலப் படம் காட்டும். அவர் வந்தது 1961-ல், வென்றது ஐந்தாவது பருவத்தில். ஐந்து வருடத்தை ஒரு வருடமாகச் சுருக்குவது சினிமாவுக்குப் பழகிய வேலை, இதைப் பெரிதுபடுத்த மாட்டேன். ஆனால் இதன் கூடவே ஒரு தவறான எண்ணமும் வந்துவிடுகிறது, அந்தக் கல்லூரிக்கு முதன்முதலில் கறுப்பின வீரர்களைக் கொண்டுவந்தவர் ஹாஸ்கின்ஸ் என்று. அவருக்கு முன்பே, 1956-லேயே சார்லஸ் பிரவுன் அங்கே ஆடியிருக்கிறார். ஹாஸ்கின்ஸ் வந்தபோது நோலன் ரிச்சர்ட்சன் அணியில் இருந்தார், பின்னாளில் 1994-ல் ஆர்கன்சா அணிக்கு கோச்சாக இருந்து தேசியக் கோப்பை வென்ற அதே ரிச்சர்ட்சன். இந்தப் பெயர்களை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள், படம் பார்க்கும் யாரிடமாவது சொல்லுங்கள்.

புதிதாகச் சேர்ந்த மாணவர்கள் நேராகக் களத்தில் இறங்குவதும் அன்று நடக்காது. முதலாண்டு மாணவர்கள் முதன்மை அணியில் ஆடும் வழக்கம் 1972-ல்தான் வந்தது. எனவே அந்த அணி ஒரே கோடையில் தெருவிலிருந்து பொறுக்கிச் சேர்த்த அணி இல்லை, ஒரே பயிற்சியில் சேர்ந்து ஊறிய அணி. டிஃபென்ஸ் அப்படித்தான் வரும், ஐந்து பேரின் கால்களும் ஒரே நேரத்தில் நகர வருடங்கள் ஆகும்.

கிழக்கு டெக்சஸ் மாநிலக் கல்லூரிக்கு எதிரான ஆட்டத்தில் கூட்டம் அசிங்கமாக நடந்துகொள்வதாக ஒரு காட்சி. அந்த ஆட்டம் உண்மையில் நடந்தது எல் பாசோவில், டெக்சஸ் வெஸ்டர்னின் சொந்த அரங்கில். வெறுப்பு நிஜம், அதை இந்த வீரர்கள் பல ஊர்களில் அனுபவித்தார்கள், வெற்றிக்குப் பிறகு ஹாஸ்கின்சுக்கு வெறுப்புக் கடிதங்கள் மூட்டை மூட்டையாக வந்தன. ஆனால் செய்யாத ஊரின் தலையில் அதைக் கட்டுவது சரியில்லை. பெயர் மாற்றியிருக்கலாம்.

எனக்குப் பெரிதாகப் படும் மாற்றம் இன்னொன்று. ஒரு கட்டத்தில் கோச்சின் கண்டிப்பான முறை வேலைக்கு ஆகாமல் போய், வீரர்கள் "எங்க ஆட்டத்தை ஆட விடுங்க" என்று கேட்டு, அவர் இறங்கி வந்து, உடனே எல்லாம் பறக்க ஆரம்பிப்பது போலப் படம் போகும். பார்க்க உற்சாகமாகத்தான் இருக்கும். ஆனால் முன்னால் சொன்ன அந்த நம்பிக்கையை, கறுப்பினத்தவர் என்றால் வேகமும் சுதந்திரமும், கட்டுப்பாடு வெள்ளையரின் விஷயம் என்பதை, படம் தெரியாமலே திரும்பச் சொல்லிவிடுகிறது. உண்மை நேர் எதிர். அன்று ஓடி ஆடும் அணி கென்டக்கி. பந்தைப் பிடித்து வைத்து, நல்ல ஷாட் வரும்வரை காத்திருந்து, எதிராளியை மூச்சுத் திணற வைத்த கட்டுப்பாடான அணி டெக்சஸ் வெஸ்டர்ன். அந்த ஐந்து பேர் உடைத்தது நிறத் தடையை மட்டும் இல்லை, அந்த நம்பிக்கையையும்தான். இரண்டாம் முறை பார்க்கும்போது இந்தக் காட்சியில் நிறுத்தி, கூட இருப்பவர்களிடம் இதைக் கட்டாயம் சொல்லுங்கள்.

சியாட்டில் அணியிடம் 74-72 என்று தோற்றது உண்மை, அந்தப் பருவத்தில் 29 ஆட்டத்தில் அந்த ஒரே தோல்வி. கேன்சஸோடு நடந்த ஆட்டமும் உண்மை, அதை நம்ப முடியாதவர்கள் நிறைய. முதல் கூடுதல் நேரத்தின் கடைசியில் ஜோ ஜோ வைட் எறிந்த பந்து கூடைக்குள் போய்விட்டது, கேன்சஸ் ஜெயித்துவிட்டதாகக் கொண்டாட ஆரம்பித்துவிட்டது, நடுவர் அவர் கால் கோட்டை மிதித்ததாகச் சொல்லிச் செல்லாதாக்கினார். இரண்டாம் கூடுதல் நேரத்தில் 81-80. கதாசிரியர் எழுதியிருந்தால் "ரொம்ப ஓவர்" என்று சொல்லியிருப்போம், ஆனால் நடந்தது.

அணிக்கோ வகுப்புக்கோ போட்டுக் காட்டுவதென்றால்

ஆட்ட ஆசிரியர்கள், கோச்சுகள் பலர் பருவம் தொடங்கும் முன் உற்சாகத்துக்காக இந்தப் படத்தைப் போடுகிறார்கள். நல்லது. ஆனால் முன்கூட்டியே ஒரு முறை நீங்கள் தனியாகப் பார்த்துவிடுங்கள். இன இழிசொற்கள் வருகின்றன, ஒரு வீரரைக் கழிவறையில் அடிக்கும் காட்சி இருக்கிறது, சிறு பிள்ளைகள் இருந்தால் அதற்கு முன் இரண்டு வார்த்தை பேச வேண்டும். அந்தச் சொற்களைக் கேட்டு யாராவது சிரித்தால் அங்கேயே நிறுத்துங்கள், படம் எங்கேயும் ஓடிப்போகாது.

முடிந்தால் இரண்டு அமர்வாகப் பிரியுங்கள், கேன்சஸ் ஆட்டத்துக்கு முன்னால் நிறுத்துவது நல்ல இடம். முடிந்ததும் "என்ன கற்றுக்கொண்டீர்கள்" என்று கேட்காதீர்கள், எல்லோரும் நீங்கள் எதிர்பார்க்கும் பதிலைத்தான் சொல்வார்கள். அதைவிட இந்த ஒரு நிகழ்வைச் சொல்லிப் பேச விடுங்கள். அரையிறுதியில் யூட்டா அணியின் ஜெர்ரி சேம்பர்ஸ் என்ற வீரரை யாராலும் கட்டுப்படுத்த முடியவில்லை, 38 புள்ளி எடுத்தார், அணி தோற்றும் அந்தத் தொடரின் சிறந்த வீரர் விருது அவருக்குத்தான் போனது. அவரைக் கடைசியில் அடக்கியவர் டெக்சஸ் வெஸ்டர்னின் பெஞ்சிலிருந்து வந்த ஜெர்ரி ஆம்ஸ்ட்ராங், வெள்ளையர். அவர் இல்லாவிட்டால் இறுதி ஆட்டமே இல்லை என்றுகூடச் சொல்லலாம். மறுநாள் இறுதி ஆட்டத்தில் ஹாஸ்கின்ஸ் இறக்கியது ஏழு கறுப்பின வீரர்களை மட்டும். ஆம்ஸ்ட்ராங் ஒரு நிமிடம்கூட ஆடவில்லை. அவர் இடத்தில் நீங்கள் இருந்தால்? கோச் இடத்தில் இருந்தால்? பெஞ்சில் உட்காரும் பிள்ளைகள் உங்கள் அணியிலும் இருப்பார்கள், அவர்கள்தான் இதற்கு நல்ல பதில் சொல்வார்கள். ஹாஸ்கின்ஸ் பிற்காலத்தில் பலமுறை சொன்னது, என்னிடம் இருந்ததில் சிறந்தவர்களை ஆடவிட்டேன், அவ்வளவுதான் என்று. படத்தில் முந்தின இரவு அவர் பேசுவது வேறு. இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பேசினால் ஒரு மணி நேரம் போவதே தெரியாது.

பயிற்சி மைதானத்துக்கு எடுத்துப் போக ஒன்று வேண்டுமென்றால், மறுநாள் பயிற்சியின் கடைசியில், எல்லோரும் களைத்திருக்கும்போது, அணியாகச் சேர்ந்து 34 ஃப்ரீ த்ரோ எறியச் சொல்லுங்கள். 28 வருகிறதா பாருங்கள்.

முடிந்த பிறகு

பெயர்கள் ஓட ஆரம்பித்ததும் எழுந்து போய்விடாதீர்கள். உண்மையான வீரர்களும் ஹாஸ்கின்சும் பேட் ரைலியும் பேசும் பகுதி அங்கேதான் வருகிறது. ஹில் அதில் இருக்க மாட்டார், படம் வருவதற்கு முன்பே, 2002-ல் இறந்துவிட்டார். ஹாஸ்கின்சைப் படத்துக்குள்ளேயே ஒரு நொடி பார்க்கலாம், பெட்ரோல் பங்க் ஊழியராக வருவார். அவர் 1999 வரை அதே கல்லூரியில் இருந்தார், 719 வெற்றி. 1967-லேயே கல்லூரியின் பெயர் எல் பாசோவில் உள்ள டெக்சஸ் பல்கலைக்கழகம் என்று மாறிவிட்டது, அதனால் இணையத்தில் தேடும்போது இரண்டு பெயரிலும் தேடுங்கள். கூடைப்பந்தின் புகழ் மண்டபத்தில் ஹாஸ்கின்ஸ் 1997-ல் இடம்பெற்றார், அந்த அணி முழுவதும் 2007-ல்.

அந்த இறுதி ஆட்டத்தின் பழைய கறுப்பு வெள்ளைப் பதிவு இணையத்தில் கிடைக்கிறது. படம் பார்த்த சூடு ஆறுவதற்குள் அதைப் பாருங்கள். படம் மங்கலாக இருக்கும், எண்கள் சரியாகத் தெரியாது, ஆனால் கேமரா ஒரே இடத்தில் நிற்பதால் பத்து பேரும் ஒரே நேரத்தில் கண்ணில் படுவார்கள், டிஃபென்ஸ் பார்க்க இதைவிட வசதி வேறில்லை. முழுக்கப் பார்க்க நேரமில்லை என்றால் முதல் பாதி போதும். லாட்டினின் டங்க் ஆரம்பத்திலேயே வந்துவிடும். ஹில் பந்தைப் பறிக்கும் இரண்டும் அதன் பிறகு ஒன்றன்பின் ஒன்றாக வரும், கண்ணிமைத்தால் போய்விடும், வேகத்தைப் பாதியாகக் குறைத்துவிட்டுப் பாருங்கள்.